வாசகர் கேள்வி – பதில்: சேசர் சார்லோனேயின் கேமரா

பிரேசில் சினிமா பற்றி இம்மாதம் வந்த கடிதங்களில் பெரும்பாலானவை 'சிட்டி ஆஃப் காட்' படத்தின் ஒளிப்பதிவாளர் சேசர் சார்லோனேயைப் பற்றியவை. ஒரே மாதிரியான கேள்விகளைச் சேர்த்துத் தந்திருக்கிறோம். எந்தக் கேமரா, எந்த லென்ஸ் என்று மட்டும் கேட்டவர்களுக்கு ஒன்று சொல்லிவிடலாம். சார்லோனேயின் படங்களில் நடிகர் எங்கே போகலாம் என்பதை முதலில் முடிவு செய்கிறார்கள். கேமராவும் விளக்கும் அதற்கு ஏற்றபடி அமைகின்றன.

சார்லோனே பிரேசில்காரர் இல்லை, உருகுவேக்காரர் என்கிறான் நண்பன். எது சரி? – வாசகர், கரூர்

இரண்டும் சரிதான். பிறந்தது உருகுவேயின் தலைநகர் மோண்டெவிடியோவில். தொழில் வேரூன்றியது பிரேசிலின் சாவோ பாவ்லோ நகரில். 'சிட்டி ஆஃப் காட்' இயக்குநர் ஃபெர்னாண்டோ மெய்ரலஸ் படமெடுக்க வருவதற்கு முன்பே, விளம்பரப் படங்களில் இருவரும் சேர்ந்து வேலை செய்தவர்கள். இந்தப் பின்னணியைக் குறைத்து மதிப்பிட வேண்டாம். விளம்பரத்தில் வாரத்துக்கு ஒரு புது டோன், புது ஃபிலிம், புது லைட்டிங் என்று சோதித்துப் பார்க்கலாம், செலவு கம்பெனியுடையது. பின்னால் ஒரே படத்துக்குள் மூன்று விதமான தோற்றங்களைத் துணிந்து வைக்க அந்தப் பழக்கம் கைகொடுத்தது.

மெய்ரலஸுடன் அவர் ஒளிப்பதிவு செய்த முக்கியமான முழுநீளப் படங்கள் நான்கு: 'சிட்டி ஆஃப் காட்' (2002), 'தி கான்ஸ்டன்ட் கார்டனர்' (2005), 'பிளைண்ட்னஸ்' (2008), 'தி டூ போப்ஸ்' (2019). இடையே ஸ்பைக் லீயுடன் 'சக்கர் ஃப்ரீ சிட்டி' (2004), டக் லைமனுடன் 'அமெரிக்கன் மேட்' (2017). மெய்ரலஸ் படம் எல்லாவற்றுக்கும் இவர்தான் கேமரா என்று நினைக்க வேண்டாம். '360' படத்தை எடுத்தவர் இன்னொரு பிரேசில் ஒளிப்பதிவாளரான அட்ரியானோ கோல்ட்மன். 'தி கிரௌன்' தொடருக்கு எம்மி வாங்கியவரும் அவர்தான்.

'சிட்டி ஆஃப் காட்' படத்தின் மஞ்சள் நிறத்துக்கு என்ன ஃபில்டர் போட்டார்கள்? என் குறும்படத்தில் டிஐயில் (படத்தைக் கணினியில் ஏற்றி நிறம் திருத்தும் கட்டம்) மஞ்சள் ஏற்றினேன், மஞ்சள்காமாலை வந்தது போல இருக்கிறது. – வாசகர், திருப்பூர்

அந்தப் படம் முழுக்க மஞ்சள் கிடையாது. மீண்டும் ஒருமுறை பாருங்கள். ரியோ டி ஜெனிரோவின் ஏழைக் குடியிருப்பு ஒன்றில் நடக்கும் கதை 1960களில் தொடங்கி 1980களின் தொடக்கத்தில் முடிகிறது. அறுபதுகளின் பகுதிதான் பொன்னிறம். எழுபதுகளில் எல்லா நிறமும் பொங்குகிறது. எண்பதுகளில் நிறம் வடிந்து நீலமும் சாம்பலும் மிஞ்சுகின்றன.

நிறத்தோடு கேமராவின் நடத்தையும் மாறுகிறது. முதல் பகுதியில் கேமரா பெரும்பாலும் ஸ்டாண்டிலோ ட்ராலியிலோ நிற்கிறது. சட்டகம் ஒழுங்கானது, அடிவானம் நேராக இருக்கிறது. இரண்டாம் பகுதியில் கட்டு தளர்கிறது. மூன்றாம் பகுதியில் கேமரா தோளுக்கு வந்துவிடுகிறது, ஃபோகஸ் தப்புகிறது, பேசுபவரின் தலை பாதி வெட்டுப்படுகிறது. அந்தக் குடியிருப்பே கைமீறிப் போவதால் கேமராவும் அப்படி ஆகிறது.

நிறம் முதலில் பிறப்பது இடத்தில்தான். அறுபதுகளில் தாழ்ந்த வீடுகள், செம்மண் தரை, திறந்த வானம். சாய்ந்த வெயில் மண்ணில் பட்டுத் திரும்பி முகத்துக்கு வருகிறது. எண்பதுகளில் அடுக்குமாடிகளும் சந்துகளும் வந்துவிட்டன. நேர்வெயில் தரையைத் தொடுவதில்லை, மேலிருந்து வானத்தின் நீல வெளிச்சம் மட்டும் இறங்குகிறது. டிஐ செய்தது, இருந்ததை இன்னும் கொஞ்சம் தள்ளிக் கொடுத்ததுதான். இருக்கும் நிறத்தை டிஐ தூக்கிக் கொடுக்கும். இல்லாததை உண்டாக்கச் சொன்னால் மஞ்சள்காமாலைதான்.

உங்கள் படத்தில் நடந்தது பெரும்பாலும் இதுவாக இருக்கும்: படம் முழுக்க ஒரே அளவு மஞ்சள் ஏறியிருக்கிறது, நிழலும் கறுப்பும்கூட மஞ்சளாகிவிட்டன. கண்ணுக்கு ஒப்பிட ஒரு நடுநிலை நிறம் வேண்டும், அது போய்விட்டது. திருத்த இப்படிச் செய்து பாருங்கள். கறுப்பைத் தொடாமல் விடுங்கள். வெதுவெதுப்பை நடு டோனிலும் வெளிச்சப் பகுதியிலும் மட்டும் ஏற்றுங்கள். தோலைத் தனியாகப் பிரித்து, ஏற்றியதில் பாதியைத் திரும்ப எடுத்துவிடுங்கள். அடுத்த முறை படமெடுக்கும்போதே வெயிலில் கேமராவின் வெள்ளைச் சமநிலையை 5600க்குப் பதில் 6500 கெல்வினில் வையுங்கள், டிஐயில் பாதி வேலை குறையும். கலை இயக்குநரிடம் நீலச் சட்டை, நீல பிளாஸ்டிக் குடம் எதுவும் அந்தக் காட்சியில் வேண்டாம் என்று சொல்லிவிடுவது இவை எல்லாவற்றையும்விட மலிவான வழி.

லத்தீன் அமெரிக்கா என்றாலே படம் முழுவதையும் மஞ்சளில் முக்கி எடுப்பது ஹாலிவுட்டின் சோம்பேறித்தனம். அந்தக் கணக்கில் சார்லோனேயைச் சேர்க்காதீர்கள்.

நடிகர்கள் எல்லோரும் புதியவர்கள் என்கிறார்களே. தரையில் மார்க் போட்ட இடத்தில் நிற்கத் தெரியாதவர்களை வைத்து எப்படி ஃபோகஸ், லைட்டிங் செய்தார்கள்? – வாசகர், நாகர்கோவில்

மார்க்கே போடவில்லை. பெரும்பாலோர் ரியோவின் ஃபவேலாக்கள் எனப்படும் ஏழைக் குடியிருப்புகளிலிருந்து தேர்ந்தெடுத்துப் பல மாதங்கள் பயிற்சி கொடுத்த இளைஞர்கள். வசனத்தையும் அசைவையும் தாங்களே உண்டாக்கும் விதத்தில் அவர்களைத் தயார் செய்தார்கள். 'இங்கே நில், விளக்கைப் பார்த்துத் திரும்பு' என்றால் அந்த நடிப்பு செத்துவிடும். அதனால் தனி மனிதருக்கு லைட் செய்யாமல் இடத்துக்கு லைட் செய்யும் முறைக்குப் போனார்கள். எழுத்தில் இது சுலபமாகத் தெரியும். செட்டில் சுலபம் இல்லை.

ஒரு சிறிய அறையில் செய்து பார்க்க விரும்புபவர்களுக்கு இந்த முறை: தரையில் ஸ்டாண்ட் எதுவும் இருக்கக்கூடாது. கேமரா எந்தப் பக்கம் திரும்பினாலும் ஸ்டாண்ட் தெரியும். வெளிச்சம் மூன்று இடங்களிலிருந்து மட்டும் வரலாம். ஒன்று, ஜன்னலுக்கு வெளியே. இரண்டு, கூரையில் உத்தரத்தோடு கட்டிய விளக்கு. அதை நேராகக் கீழே அடிக்காமல் வெள்ளைச் சுவரிலோ கூரையில் ஒட்டிய தெர்மோகோலிலோ பட்டுத் திரும்ப விடுங்கள். மூன்று, காட்சியிலேயே இருக்கும் குண்டு பல்பு, டியூப்லைட், டிவி. பல்பைக் கழற்றிவிட்டு உங்களுக்கு வேண்டிய வாட்டில் மாட்டிக்கொள்ளலாம்.

பிறகு மீட்டரை எடுத்துக்கொண்டு அறையின் நான்கு மூலையிலும் நடுவிலும் அளந்து பாருங்கள். அதிக வெளிச்சமான இடத்துக்கும் இருண்ட இடத்துக்கும் இடையே இரண்டரை, மூன்று ஸ்டாப் (ஒரு ஸ்டாப் என்றால் வெளிச்சம் இரு மடங்கு) வரை வித்தியாசம் இருக்கட்டும், அது அழகு. அதற்கு மேல் போனால் நடிகர் ஒரு எட்டு நகர்ந்ததும் முகம் காணாமல் போகும். எல்லா இடமும் ஒரே அளவாக இருந்தாலும் தவறுதான். அப்போது அது அரசு அலுவலக வெளிச்சம்.

ஃபோகஸ் விஷயத்தில் அவர்களைக் காப்பாற்றியது ஃபிலிமின் அளவு. படத்தின் பெரும்பகுதி சூப்பர் 16 ஃபிலிமில் (16 மி.மீ. அகலம்; வழக்கமான சினிமா ஃபிலிம் 35 மி.மீ.) எடுத்தது. 35 மி.மீ.யில் 25 மி.மீ. லென்ஸ் காட்டும் பரப்பை, சூப்பர் 16இல் ஏறக்குறைய 12 மி.மீ. லென்ஸ் காட்டிவிடும். குறைந்த குவியத் தூரம் என்பதால் ஒரே ஸ்டாப்பில் ஃபோகஸ் ஆழம் தெளிவாகக் கூடும். நடிகர் அரை அடி முன்பின் போனாலும் ஃபோகஸைத் திருப்பும் உதவியாளரான ஃபோகஸ் புல்லருக்கு மூச்சு விட நேரம் இருக்கும். இன்று பெரிய சென்சார் கேமராவில் லென்ஸை டி 1.4 அளவுக்கு அகலத் திறந்து வைத்துக்கொண்டு 'ஃபவேலா ஸ்டைல்' என்பவர்கள் இதை மறந்துவிடுகிறார்கள். சூப்பர் 35 சென்சாரானால் லென்ஸைக் குறுக்கி டி 4, டி 5.6 பக்கம் போங்கள்.

சூப்பர் 16 எடுத்தது பணம் மிச்சப்படுத்தவா? – வாசகர், சேலம்

பணமும் ஒரு காரணம். ஆனால் கணக்கைப் பாருங்கள். 400 அடி ஃபிலிம் ரோல் 24 ஃபிரேம் வேகத்தில் 35 மி.மீ.யில் சுமார் 4½ நிமிடம் ஓடும், 16 மி.மீ.யில் 11 நிமிடம் ஓடும். ஒரு அடிக்கு 35இல் 16 ஃபிரேம், 16 மி.மீ.யில் 40 ஃபிரேம் என்பதால் இந்த வித்தியாசம். ஒத்திகையா டேக்கா என்றே தெரியாமல் நடிக்கும் இளைஞர்களிடம் நாலரை நிமிடத்தில் 'கட், ரோல் மாத்தணும்' என்று சொன்னால் சூடு ஆறிவிடும். 11 நிமிடம் இருந்தால் கேமராவை நிறுத்தாமலே மூன்று தடவை எடுக்கலாம். தோளில் வைத்து நாளெல்லாம் ஓடவும் அந்தக் கேமரா தாங்கும் எடைதான்.

விலையும் கொடுத்தாக வேண்டும். சூப்பர் 16 ஃபிரேமின் அளவு 12.52 × 7.41 மி.மீ. அகலத் திரைக்கு 35இல் பயன்படும் பரப்பு இதைப்போல இரண்டரை மடங்குக்கு மேல். தியேட்டர் திரைக்குப் பெரிதாக்கும்போது கிரெய்ன் (ஃபிலிமின் பொடிப் புள்ளிகள்) துள்ளும். குறை எக்ஸ்போஷரில் எடுத்தால் கறுப்பு பால் கலந்த மாதிரி வெளிறி, கிரெய்ன் எறும்பு போல ஊரும். அதனால் 16இல் வேலை செய்பவர்கள் 500 ஏஎஸ்ஏ (ஒளியுணர்வு அளவு) ஃபிலிமை மீட்டரில் 320 என்று வைத்து, மூன்றில் இரண்டு ஸ்டாப் கூடுதலாக வெளிச்சம் கொடுப்பது வழக்கம். கேமராவுக்குள் ஃபிலிமில் வெளிச்சம் விழும் சட்டமான கேட்டில் ஒரு முடி சிக்கினால் 35இல் தெரிவதைவிட இரண்டு மடங்கு பெரிதாகத் தெரியும், ஒவ்வொரு டேக்குக்குப் பிறகும் கேட்டைப் பார்த்தாக வேண்டும். 'சிட்டி ஆஃப் காட்' படத்தில் சில பகுதிகள் 35 மி.மீ.யிலும் எடுக்கப்பட்டன. எல்லாவற்றையும் கணினியில் ஏற்றி நிறம் சேர்த்து 35 மி.மீ. பிரிண்டாக வெளியிட்டதால் இரண்டும் ஒட்டிப் போயின.

பென்னே சாகும் பார்ட்டிக் காட்சியில் மின்னி மின்னி வரும் வெளிச்சம். அப்படியே முயன்றேன், பாதி ஃபிரேம் வெள்ளை, பாதி கறுப்பாக வருகிறது. கேமரா பழுதா? – வாசகர், வேலூர்

பழுது இல்லை. நீங்கள் டிஜிட்டலில் எடுத்திருக்கிறீர்கள். பெரும்பாலான டிஜிட்டல் சென்சார்கள் மேலிருந்து கீழாக வரிவரியாகப் பதிவு செய்கின்றன. ஸ்ட்ரோப் என்ற அந்த மின்னும் விளக்கு மின்னுவது ஆயிரத்தில் ஒரு பங்கு நொடிக்கும் குறைவு. அந்தக் கணத்தில் திறந்திருந்த வரிகளில் மட்டும் வெள்ளை விழுகிறது. எல்லா வரிகளையும் ஒரே நேரத்தில் பதிவு செய்யும் குளோபல் ஷட்டர் உள்ள கேமரா கிடைத்தால் எடுங்கள். இல்லையென்றால் ஸ்ட்ரோப்புக்குப் பதிலாக எல்இடி விளக்கை இரண்டு மூன்று ஃபிரேம் நீளத்துக்கு எரிந்து அணையும்படி டிம்மர் போர்டில் அமையுங்கள். ஓரங்களில் மிஞ்சும் அரைகுறை ஃபிரேமை எடிட்டிங்கில் தூக்கிவிடலாம்.

ஃபிலிம் கேமராவில் பிரச்சினை வேறு. 180 டிகிரி ஷட்டர் என்றால் பாதி நேரம் ஃபிலிம் மூடியிருக்கும், ஸ்ட்ரோப் தன்னிச்சையாக மின்னினால் பாதி மின்னல்கள் வீணாகும். இன்னொரு வேடிக்கை: கண்ணாடி ஷட்டர் உள்ள கேமராவில் ஷட்டர் மூடியிருக்கும்போதுதான் வியூஃபைண்டருக்குப் படம் வரும். ஆகவே ஆபரேட்டர் கண்ணில் பட்ட மின்னல் ஃபிலிமில் இல்லை. அவர் பார்க்காத மின்னல்தான் பதிவாகியிருக்கும்.

ஸ்ட்ரோப் போடுவதற்கு முன் செட்டில் எல்லோருக்கும் அறிவித்துவிடுங்கள். வலிப்பு நோய் உள்ளவர்களுக்கு இது ஆபத்து.

டியூப்லைட் வெளிச்சத்தில் அவர்கள் எடுத்தால் ஆடுவதில்லை, நான் எடுத்தால் மட்டும் ஆடுகிறது. – வாசகர், தூத்துக்குடி

பிரேசிலில் மின்சாரம் 60 ஹெர்ட்ஸ், இங்கே 50. அங்கே பழைய சோக் வைத்த டியூப் நொடிக்கு 120 தடவை துடிக்கும். 24 ஃபிரேமுக்கு வகுத்தால் சரியாக 5, ஒவ்வொரு ஃபிரேமுக்கும் ஒரே அளவு வெளிச்சம் விழும். இங்கே 100 துடிப்பு, 24ஆல் வகுபடாது. ஷட்டரை 172.8 டிகிரிக்கு, அதாவது 1/50 நொடிக்கு மாற்றுங்கள், ஆட்டம் நிற்கும். 'கான்ஸ்டன்ட் கார்டனர்' எடுத்த கென்யாவிலும் 50 ஹெர்ட்ஸ்தான். ஜெனரேட்டரில் ஓட்டினால் ஹெர்ட்ஸ் நகரும், மீட்டரில் பார்த்துக்கொள்ளுங்கள்.

ஆஸ்கர் கிடைத்ததா? – வாசகர், அரியலூர்

இல்லை. முதலில் பிரேசில் 'சிட்டி ஆஃப் காட்' படத்தை வெளிநாட்டுப் பட விருதுக்கு அனுப்பியது, இறுதிப் பட்டியலுக்கே வரவில்லை. படம் 2003இல் அமெரிக்கத் தியேட்டர்களுக்கு வந்ததால் அடுத்த ஆண்டு பொதுப் பிரிவுகளில் போட்டியிடத் தகுதி பெற்றது. 2004 விழாவில் இயக்கம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, தழுவல் திரைக்கதை என நான்கு பரிந்துரைகள். ஒளிப்பதிவு விருதை 'மாஸ்டர் அண்ட் கமாண்டர்' படத்துக்காக ரஸ்ஸல் பாய்ட் வாங்கினார். பட்டியலுக்கே லாயக்கில்லை என்று ஒதுக்கிய படத்தை மறு ஆண்டு நான்கு பிரிவில் ஏற்றிய வேடிக்கைக்கு அகாடமிதான் பதில் சொல்ல வேண்டும்.

'பிளைண்ட்னஸ்' படத்தில் திரை வெள்ளையாகப் போகிறதே, அது வெறும் ஓவர் எக்ஸ்போஷரா? – வாசகர், காரைக்கால்

ஜோஸே சரமாகோவின் நாவலில் வரும் குருட்டுத்தனம் இருட்டு இல்லை, வெண்மை. அதை அந்தப் படம் பல வழிகளில் காட்டுகிறது. வெள்ளைச் சுவர், கண்ணாடியில் மங்கும் பிம்பம், விளிம்பு கரையும் முகம், எதுவுமே இல்லாத வெற்று வெள்ளை. பார்ப்பவருக்கும் 'இது யார், எந்தப் பக்கம் நிற்கிறார்' என்ற திணறல் வர வேண்டும், அதுதான் குறி. எங்கள் கருத்தில் மெய்ரலஸுடன் செய்த நான்கு படங்களில் இதுவே அவருடைய துணிச்சலான வேலை. படமாக அது முழுதாகக் கூடிவரவில்லை என்பது வேறு விஷயம்.

முயல்பவர்களுக்கு எச்சரிக்கை: நெகட்டிவ் ஃபிலிம் மூன்று, நான்கு ஸ்டாப் கூடுதல் வெளிச்சத்தையும் மெதுவாக வளைந்து ஏற்றுக்கொள்ளும். டிஜிட்டல் ஒரு எல்லைக்கு மேல் பட்டென்று வெட்டிவிடும், அந்த இடத்தில் பிறகு எதையும் மீட்க முடியாது. ஆகவே கேமராவில் வெள்ளையாக்க வேண்டாம். சுவரை முகத்தைவிட இரண்டு ஸ்டாப் மேலே வைத்து, வெளிச்ச அளவைக் காட்டும் வேவ்ஃபார்ம் வரைபடத்தில் 90 சதவீதத்தைத் தாண்டாமல் எடுத்துக்கொண்டு, மீதியை டிஐயில் ஏற்றுங்கள். அறையில் லேசாகப் புகை விட்டால் விளிம்புகள் தாமாகக் கரையும். புகையின் அளவு ஷாட்டுக்கு ஷாட் மாறினால் வெட்டு ஒட்டாது, ஒரே ஆள் பொறுப்பில் விடுங்கள்.

கையில் கேமரா, வெடிக்கும் வெளிச்சம் எல்லாம் இவர் கண்டுபிடித்ததா? – வாசகர், புதுச்சேரி

இல்லவே இல்லை. பிரேசிலில் அதற்கு நாற்பது வருட முன்கதை உண்டு. 1963இல் நெல்சன் பெரெய்ரா தோஸ் சான்டோஸ் இயக்கிய 'விடாஸ் செகாஸ்' வறண்ட வடகிழக்கில் பிழைப்பு தேடி நடக்கும் குடும்பத்தின் கதை. அதன் ஒளிப்பதிவில் ஜோஸே ரோசாவுடன் வேலை செய்த லூயிஸ் கார்லோஸ் பாரெட்டோ ஒரு பத்திரிகைப் புகைப்படக்காரர். கறுப்பு வெள்ளைப் படத்தில் வானத்தை அடர்த்தியாக்க மஞ்சள், சிவப்பு ஃபில்டர் போடுவது அன்றைய ஸ்டுடியோ வழக்கம். அவர் ஃபில்டரைக் கழற்றினார். நிழலில் இருக்கும் முகத்துக்கு எக்ஸ்போஷர் வைத்து, வானம் எரிந்து வெள்ளையாகட்டும் என்று விட்டார். அந்த வெயிலைப் பார்த்தால் கண் கூசும், தொண்டை வறளும்.

தோள் கேமராவுக்கு டிப் லுட்ஃபி. இயக்குநர் கிளாபர் ரோஷாவின் 'டெர்ரா எம் டிரான்ஸி' (1967) படத்தில் கூட்டத்துக்குள் சுழலும் கேமரா அவர் கையில் இருந்தது. கிளாபரின் 1969 படத்தை எடுத்த அஃபோன்சோ பியாட்டோ பின்னால் ஸ்பெயினில் இயக்குநர் அல்மோதோவாருக்கு 'ஆல் அபௌட் மை மதர்' வரை மூன்று படம் செய்தார். ரயில் நிலையத்தில் தொடங்கி வறண்ட நிலத்துக்குப் போகும் 'சென்ட்ரல் ஸ்டேஷன்' (1998) படத்தின் வால்டர் கார்வாலோவையும் சேர்த்துக்கொள்ளுங்கள். சார்லோனேயை மட்டும் பார்த்தால் இந்த வரிசை புரியாது.

அவர் படம் இயக்கியிருக்கிறாரா? – வாசகர், திருவாரூர்

ஆம். என்ரிக்கே ஃபெர்னாண்டஸுடன் சேர்ந்து 'எல் பான்யோ தெல் பாப்பா' (2007). 1988இல் போப் இரண்டாம் ஜான் பால் உருகுவேயின் மெலோ என்ற எல்லையோர ஊருக்கு வந்தபோது, கூட்டம் குவியும் என்று நம்பிக் கடன் வாங்கித் தின்பண்டம் செய்த ஏழைகளின் கதை. நாயகன் கட்டுவது கட்டணக் கழிப்பறை. ஒளிப்பதிவாளர் இயக்கினால் படம் காலண்டர் மாதிரி இருக்கும் என்று பயப்பட வேண்டாம், இதில் அந்த ஆடம்பரமே இல்லை. நெட்ஃபிளிக்ஸின் முதல் பிரேசில் தொடரான '3%' இயக்குநர்களிலும் ஒருவர்.

உதவி ஒளிப்பதிவாளராகச் சேரக் காத்திருக்கிறேன். அவருடைய எந்தக் காட்சியை எடுத்துப் பழகலாம்? – வாசகர், விருதுநகர்

துரத்தல் காட்சியை எடுக்காதீர்கள், எல்லோரும் அதைத்தான் எடுக்கிறார்கள். 'சிட்டி ஆஃப் காட்' படத்தில் போதைப்பொருள் விற்கும் ஒரு வீட்டின் கதை வரும். கேமரா அசையாது. அறை மட்டும் ஆண்டுக்கு ஆண்டு கரைந்து மாறும். ஆட்கள் மாறுகிறார்கள், சாமான் குறைகிறது, சுவர் அழுக்காகிறது, அறை இருள்கிறது.

உங்கள் வீட்டு அறை ஒன்றில் அதை நான்கு காலமாக எடுங்கள். ஸ்டாண்டின் மூன்று காலையும் தரையில் டேப்பால் குறித்து, நடுவில் மணல் மூட்டை தொங்கவிடுங்கள். ஜூம் லென்ஸ் வேண்டாம், ஒரே குவியத் தூரமுள்ள லென்ஸ் போடுங்கள். ஃபோகஸ், ஐரிஸ் வளையங்களை டேப் ஒட்டிப் பூட்டுங்கள். ஃபோகஸ் நகர்ந்தால் சட்டகமும் ஒரு நூல் விரியும், கரையும்போது சுவர் துள்ளும். லென்ஸில் இருக்கும் ஸ்டெபிலைசரை அணைத்துவிடுங்கள், ஸ்டாண்டில் அது தானாக மிதக்கும். ஜன்னலில் வரும் வெயிலை நம்ப வேண்டாம், ஜன்னலுக்கு வெளியே கறுப்புத் துணியால் கூடாரம் போல மூடி அதற்குள் விளக்கு வையுங்கள். ஒவ்வொரு காலத்துக்கும் முக்கிய வெளிச்சத்தை அரை ஸ்டாப் குறைத்து, அதன் நிறத்தை 3200இலிருந்து படிப்படியாக 5000 கெல்வினுக்குக் கொண்டுபோங்கள். கேமராவின் வெள்ளைச் சமநிலை 3200இலேயே இருக்கட்டும். கரைதல் ஒவ்வொன்றுக்கும் 2 நொடி போதும், அதற்கு முன்னும் பின்னும் நடிகர் 5 நொடி அசையாமல் இருக்கும் பகுதியையும் சேர்த்து எடுத்துக்கொள்ளுங்கள், எடிட்டர் கேட்பார்.